தொலைந்த ஒன்றேகால் நாழிகை: தோட்ட நகரத்தில் காலப் பிளவைத் தேடி அளக்கும் முறை

1981 டிசம்பர் 31 அன்று இரவு 11.30 மணிக்குத் தீபகற்ப மலேசியாவின் கடிகாரங்கள் நேராக நள்ளிரவு 12-க்கு நகர்த்தப்பட்டன. கிழக்கு மலேசிய மாநிலங்களான சபாவும் சரவாக்கும் அப்போதே கிரீன்விச் நேரத்துக்கு 8 மணி முன்னால் இருந்தன; தீபகற்பம் ஏழரை மணிதான் முன்னால் இருந்தது. நாடு முழுவதும் ஒரே நேரம் வழங்க வேண்டும் என்பதற்காக இந்த மாற்றம் செய்யப்பட்டது. சிங்கப்பூரும் உடன் மாறிக்கொண்டது. அதனால் அன்றிரவு 11.30-க்கும் 12-க்கும் இடைப்பட்ட அரைமணி நேரம், நம் பழைய கணக்கில் ஒன்றேகால் நாழிகை, இங்கே எந்தக் கடிகாரத்திலும் ஓடவில்லை.

ஓடாத அந்த அரைமணி எங்கே போயிற்று என்பது இயற்பியல் கேள்வி அன்று. அது வெறும் கணக்கு மாற்றம். ஆனால் அது எங்கும் போகாமல், எடுக்கப்பட்ட மண்ணிலேயே ஒரு பிளவாகத் தங்கிவிட்டது என்று ஒரு கற்பனை நிகழ்வை வைத்துக்கொண்டால், அதை எங்கே தேடுவது, எதைக் கொண்டு அளப்பது, எதை நம்பாமல் விடுவது என்ற கேள்விகள் எழுகின்றன. இந்த வழிகாட்டி அவற்றுக்கானது. பிளவு மட்டுமே கற்பனை. ஆண்டுகளும், வெயிலும், கடிகாரங்களின் இயல்பும், அளக்கும் முறையும் உண்மையானவை. கீழ்ப் பேராக்கில் தெலுக் இந்தானைச் சுற்றியுள்ள தோட்டப் பகுதியை மனத்தில் வைத்து இது எழுதப்பட்டிருக்கிறது. ஒரு தமிழ்ப்பள்ளியின் அறிவியல் கழகம் தன் கையில் உள்ள பொருள்களைக் கொண்டே இதில் பெரும்பகுதியைச் செய்துவிட முடியும்.

பிளவின் விதிகள்

விதி இல்லாத கற்பனையை அளக்க முடியாது. எனவே தேடப் புறப்படுமுன் நான்கு விதிகளை ஒப்புக்கொள்ள வேண்டும்.

முதல் விதி, எடுக்கப்பட்டுத் திருப்பித் தரப்படாத காலம் மட்டுமே பிளவாகும் என்பது. 1901 தொடங்கியபோது இங்கே வழங்கிய நேரம் கிரீன்விச்சுக்கு 6 மணி 55 நிமிடம் 25 நொடி முன்னால் இருந்தது. 1905 ஜூன் 1 அன்று அது 7 மணியாக்கப்பட்டபோது 4 நிமிடம் 35 நொடி போயிற்று. 1933 ஜனவரி 1 அன்று 20 நிமிடமும், 1941 செப்டம்பர் 1 அன்று 10 நிமிடமும், பிறகு 1981-இன் கடைசி இரவில் 30 நிமிடமும் போயின. ஆக மொத்தம் 64 நிமிடம் 35 நொடி. 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் தோக்கியோ நேரத்தைக் கொண்டுவந்தபோது ஒரேயடியாக ஒன்றரை மணி பறிபோனது உண்மையே. ஆனால் 1945 செப்டம்பரில் அது முழுமையாகத் திரும்பி வந்துவிட்டது. ஆகவே ஜப்பானியர் காலத்துப் பிளவு என்று ஒன்று இந்த விதிப்படி இருக்க இயலாது. ஜப்பானியர் சயாம் ரயில்பாதை போடும் வேலைக்குக் கொண்டுபோன தோட்டத் தமிழர்கள் இழந்தவை வேறு கணக்கு. இங்கே கடிகாரத்தின் கணக்கு மட்டுமே பேசப்படுகிறது.

இரண்டாம் விதி இடத்தைப் பற்றியது. நால்விதிகளில் இதுவே முக்கியமானது. கடிகாரத்தை நகர்த்தினால் மட்டும் ஒருவரிடமிருந்து நேரம் பறிபோய்விடாது. விடியுமுன் 5.30-க்குப் பெரட்டு (தொழிலாளர்களை வரிசையில் நிறுத்திப் பேர் கேட்பது) நடந்த தோட்டம் ஒன்று, 1982-இல் அதை 6 மணிக்குத் தள்ளி வைத்திருந்தால், அங்கே எவரும் எதையும் இழக்கவில்லை. சூரியனைக் கொண்டு பார்த்தால் அதே பொழுதில்தான் எழுந்தார்கள். ஆனால் பழைய 5.30-ஐயே வைத்துக்கொண்ட தோட்டத்தில், தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்தில் இருந்த ஒவ்வொருவரும் இருட்டோடு அரைமணி முன்னதாக எழ வேண்டியிருந்திருக்கும். மணி அடிக்கும் நேரம் மாறாத இடத்தில்தான் பிளவு உண்டு என்பது விதி. நதியிலும் காட்டிலும் அதைத் தேடுவது வீண்.

மூன்றாம் விதிப்படி, பிளவுக்குள் ஓடும் நேரம் வெளியே ஓடுவதில்லை. உள்ளே நான்கு நிமிடம் இருந்துவிட்டு வரும் கைக்கடிகாரம், வெளியில் உள்ளதைவிட நான்கு நிமிடம் முந்தியிருக்கும், ஒருபோதும் பிந்தியிருக்காது. நான்காவது, பிளவு வற்றக்கூடியது. முப்பது நிமிடம் செலவானதும் அது முடிந்துவிடும், மீண்டும் ஊறாது.

இடத்துக்கு இடம் நேரம் வேறுபடுவது இயற்பியலுக்குப் புதியதன்று என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். தெலுக் இந்தானின் சாய்ந்த கோபுரம் 1885-இல் கட்டப்பட்டது, ஏறத்தாழ 25.5 மீட்டர் உயரம். அதன் உச்சியில் ஒன்றும் அடியில் ஒன்றுமாக இரண்டு கடிகாரங்களை வைத்தால், புவியீர்ப்பு சற்றே குறைந்த உச்சியில் உள்ளது ஓராண்டில் சுமார் 90 நானோநொடி முந்தும். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இயற்பியலாளர்களான பவுண்டும் ரெப்காவும் ஏறக்குறைய இதே அளவு உயரமுள்ள ஒரு கோபுரத்தில்தான், 22.5 மீட்டர் இடைவெளியில், புவியீர்ப்பு காமா கதிரின் அதிர்வெண்ணை மாற்றுவதை 1960-ஐ ஒட்டிய சோதனையில் காட்டினார்கள். 2010-இல் அமெரிக்காவில் இரண்டு ஒளி அணுக் கடிகாரங்களுக்கிடையே வெறும் 33 சென்டிமீட்டர் உயர வேறுபாடே அளவில் தெரிந்துவிட்டது. நம் பிளவு இவற்றிலிருந்து வேறுபடுவது அளவில்தான்: நானோநொடி எங்கே, அரைமணி எங்கே.

படி 1: களத்தைக் கண்டுபிடித்தல்

பால்மரங்கள் எனப்படும் ரப்பர் மரங்கள் போய்ச் செம்பனை வந்த பிறகு பல தோட்டங்களில் லயங்கள் இடிக்கப்பட்டுவிட்டன. கோயில் நிற்கும்; பள்ளிக்கூடம் சில இடங்களில் நிற்கும்; பெரட்டுக்களம் இருந்த இடத்தில் லாரி திரும்பிக்கொண்டிருக்கும். எனவே வரைபடத்தை நம்பாமல், அங்கே பேர் கொடுத்தவர்களைக் கேட்க வேண்டும். அவர்கள் இப்போது பெரும்பாலும் நகரத்தை ஒட்டிய தாமான் எனப்படும் குடியிருப்புகளிலும் அடுக்குமாடி வீடுகளிலும் இருக்கிறார்கள்.

கேட்கும் விதத்தில் கவனம் தேவை. “நேரம் நின்ற மாதிரி எப்பவாவது இருந்துச்சா?” என்று கேட்டால் நல்ல கதை கிடைக்கும், தகவல் கிடைக்காது. “பாட்டி, பெரட்டுல நீங்க எந்தப் பக்கம் பார்த்து நிப்பீங்க? கிராணி எங்க நிப்பாரு?” என்று கேளுங்கள். (கிராணி என்பவர் பேர் பதியும் தோட்டத்து எழுத்தர்.) உடல் நினைவில் வைத்திருக்கும் திசையை வாய் எளிதில் தவறாகச் சொல்லாது. அடுத்ததாக, இரண்டாம் விதியின் கேள்வியைக் கேட்க வேண்டும்: “எண்பத்திரண்டுல மணிய மாத்துனாங்களே, அப்ப பெரட்டு நேரத்தையும் தள்ளி வச்சாங்களா?” இதற்கு வரும் விடையே அந்தத் தோட்டத்தில் மேற்கொண்டு வேலை உண்டா இல்லையா என்பதைத் தீர்மானிக்கிறது. குறைந்தது மூவரைத் தனித்தனியாகக் கேளுங்கள். ஒரே திண்ணையில் சேர்த்து உட்கார வைத்தால், குரல் உயர்ந்தவரின் நினைவே எல்லோருடைய நினைவாகிவிடும்.

களம் தெரிந்ததும் நிர்வாகத்திடம் எழுத்தில் அனுமதி பெறுங்கள். தோட்டம் தனியார் நிலம். இரவில் அனுமதியின்றி நுழைவது குற்றம். காவலரிடம் காலப் பிளவு என்று விளக்க முயல வேண்டாம். கடிகாரச் சோதனை என்று சொன்னால் போதும், அது பொய்யும் அன்று.

படி 2: அந்த இடத்தின் இயல்பான நேரத்தை அறிதல்

பிளவைத் தேடுகிறவர்கள் பெரும்பாலும் தவிர்த்துவிடும் படி இது. தவிர்த்தால் மற்ற எல்லாம் வீண். இரண்டு கடிகாரங்கள் ஒன்றையொன்று மறுக்கும்போது நடுவராக நிற்கக்கூடியது சூரியன் ஒன்றே.

தெலுக் இந்தான் ஏறத்தாழ 101 பாகை கிழக்குத் தீர்க்கரேகையில் இருக்கிறது. நம் கடிகாரமோ 120 பாகைக்கு உரிய நேரத்தைக் காட்டுகிறது. ஒரு பாகைக்கு 4 நிமிடம் என்ற கணக்கில் 19 பாகைக்கு 76 நிமிடம் ஆகிறது. ஆகவே இங்கே உண்மையான உச்சிப்பொழுது சராசரியாகப் பிற்பகல் 1.16 மணிக்கு வருகிறது. 1982-க்கு முன் அது 12.46 மணிக்கு வந்தது. இதே காரணத்தால்தான், சூரியோதயம் 6 மணி என்று வைத்துப் போட்ட இராகு கால அட்டவணை இங்கே அப்படியே பொருந்துவதில்லை; ஏழு மணிக்குப் பிறகு விடியும் ஊரில் திங்கட்கிழமையின் ஏழரை ஒன்பதை எப்படிக் கணக்கிடுவது என்பதை அவரவர் புரோகிதரிடம் விட்டுவிடுகிறேன்.

1.16 என்பது சராசரியே. பூமியின் சாய்வும் நீள்வட்டப் பாதையும் சேர்ந்து, உச்சிப்பொழுதை நவம்பர் தொடக்கத்தில் ஏறத்தாழ 1.00 மணிக்கு முன்னிழுக்கின்றன. பிப்ரவரி நடுவில் 1.30 வரை பின்தள்ளுகின்றன. இந்த அரைமணி ஊசலை அறியாதவர், நவம்பரில் ஒரு முறையும் பிப்ரவரியில் ஒரு முறையும் நிழலைப் பார்த்துவிட்டுப் பிளவைக் கண்டுபிடித்துவிட்டதாக அறிவித்துவிடுவார். தேடும் அளவும் தற்செயலாக அரைமணியே என்பதால் இந்த எச்சரிக்கை இரட்டிப்பாகத் தேவைப்படுகிறது.

அளக்கும் முறை, கோயில் கட்டத் திசை காண்பதற்குச் சங்கு, அதாவது நிழல் பார்க்கும் முளை, நாட்டும் அதே முறைதான். சமதரையில் ஒரு மீட்டர் நீளக் கம்பைத் தூக்குக்குண்டு வைத்து நேராக நடுங்கள். கம்பின் அடியை மையமாகக் கொண்டு ஒரு வட்டம் வரையுங்கள். முற்பகலில் நிழலின் நுனி வட்டத்தைத் தொட்டு உள்ளே வரும் நேரத்தையும், பிற்பகலில் அது மீண்டும் தொட்டு வெளியேறும் நேரத்தையும் குறித்துக்கொண்டால், இரண்டுக்கும் நடுப்புள்ளியே உச்சிப்பொழுது. நிழலின் மிகக் குறுகிய நிலையைக் கண்ணால் பார்த்து முடிவு செய்வதைவிட இது பன்மடங்கு துல்லியமானது. இந்த ஊர் 4 பாகை வட அட்சரேகையில் இருப்பதால், மார்ச் இறுதியிலும் செப்டம்பர் 12-ஐ ஒட்டியும் சூரியன் நேர் தலைக்கு மேல் வரும். அந்நாள்களில் உச்சிப்பொழுதில் கம்புக்கு நிழலே இருக்காது. பிளவோடு இதற்குத் தொடர்பில்லை என்றாலும், பிள்ளைகளை அன்று அழைத்துப் போவது நல்லது.

படி 3: கடிகாரங்களைத் தயார் செய்தல்

மூன்று கடிகாரங்கள் வேண்டும். இரண்டு இருந்தால், வேறுபாடு வரும்போது எது தவறியது என்று சொல்ல வழியில்லை. மலிவான குவார்ட்ஸ் கைக்கடிகாரங்களே போதும். அவற்றுக்குள் இருக்கும் படிகம் நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது; சாதாரணமாக மாதத்துக்குப் பதினைந்து நொடி அளவுக்கு முந்தலாம், பிந்தலாம். படிகம் 25 பாகை செல்சியஸை ஒட்டியே சிறப்பாக ஓடும். வெப்பம் 35 ஆனால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 0.3 நொடி பிந்தும். ஆகவே மோட்டார் சைக்கிள் பெட்டியில் வெயிலில் வேகவிடாமல், மூன்றையும் ஒரே டப்பாவில் நிழலில் வையுங்கள். இரண்டு வாரம் தினமும் ஒரே வேளையில் மலேசியத் தர நேரத்தோடு ஒப்பிட்டு எழுதி வாருங்கள். ஒவ்வொன்றின் குணமும் அதற்குள் தெரிந்துவிடும். தவறு செய்யாத கடிகாரம் என்று எதுவும் இல்லை. ஒரே மாதிரியாகத் தவறு செய்யும் கடிகாரம் நமக்குப் போதும்.

கைப்பேசியில், நேரத்தைத் தானாகச் சரிசெய்யும் அமைப்பை அணைத்துவிடுங்கள். இல்லையேல் பிளவிலிருந்து நான்கு நிமிடம் முந்தி வெளிவரும் கைப்பேசி, அலைவரிசை கிடைத்த மறுகணமே தன்னைத் திருத்திக்கொண்டு சாட்சியத்தை அழித்துவிடும்.

படி 4: களத்தில் இரவு

மாற்றம் நிகழ்ந்த கணம் இரவு 11.30 என்பதால், பிளவின் வாய் அந்த நேரத்தில்தான் திறக்கும் என்று கொள்கிறோம். அதற்கு முன்பே, பகல் வெளிச்சத்தில், களத்தின் மீது மீட்டருக்கு ஒன்றாக நெட்டும் குறுக்குமாகக் கயிறு கட்டிக் கட்டங்கள் பிரித்து எண் இட்டுவிட வேண்டும். செம்பனைத் தோட்டங்களில் எலி மிகுதி. எலி இருக்கும் இடத்தில் நாகமும் வரும். முழங்கால் உயர ரப்பர் காலணியும் நல்ல கைவிளக்கும் இல்லாதவரைக் களத்தில் இறக்காதீர்கள். தனியாக ஒருவர் செல்லவே கூடாது.

11.15-க்கு மூன்று கடிகாரங்களையும் ஒப்பிட்டு எழுதுங்கள். ஒன்று வெளியில் இருப்பவரின் கையில் இருக்கட்டும். மற்றொன்று தொலைவில், வண்டியில் இருக்கட்டும். மூன்றாவதை ஒரு சிறு கூடையில் வைத்து, கிராணி நின்றதாகச் சொல்லப்பட்ட இடத்திலிருந்து தொடங்கிக் கட்டம் கட்டமாக இறக்கி எடுக்க வேண்டும். இதற்குச் செம்பனைக் குலை அறுக்கும் நீளக் கம்பு, அரிவாளைக் கழற்றிய பிறகு, மிகப் பொருத்தமானது. மனிதர் எவரும் கயிற்றைத் தாண்டி உள்ளே கால் வைக்கக் கூடாது. ஆபத்து என்பதைவிட, செலவு என்பதே காரணம்: உள்ளே நின்று வியந்துகொண்டிருக்கும் ஒவ்வொரு நிமிடமும் முப்பதிலிருந்து குறைகிறது.

உறுதியான சான்று காணொளியில்தான் கிடைக்கும். வெளியே நிற்கும் ஒரு கைப்பேசி, கூடைக்குள் இருக்கும் கடிகாரத்தை நொடிக்கு 30 படம் என்ற கணக்கில் பதிவு செய்யட்டும். கூடைக்குள் இன்னொரு கைப்பேசியும் தன்போக்கில் பதிவு செய்யட்டும். கூடை பிளவைத் தொட்டால், வெளிப்பதிவில் ஒரு படத்தில் 11.30.00 என்றும் அடுத்த படத்தில் 11.34.00 என்றும் இருக்கும். இடையில் எதுவும் இராது. உள்பதிவிலோ அந்த நான்கு நிமிடமும் முழுமையாக இருக்கும். அதில் வெளியுலகம் அசையாமல் நிற்கும். இரண்டு கோப்புகளின் நீளத்தையும் கழித்துப் பார்த்தால் செலவான காலம் கிடைத்துவிடும். இரண்டில் ஒன்று மட்டுமே இருந்தால் அதை யாருக்கும் காட்ட வேண்டாம். வெட்டி ஒட்டியது என்றே சொல்வார்கள், சொல்வதும் நியாயமே.

கொசுவர்த்திச் சுருள் இரண்டை ஒரே நேரத்தில் ஏற்றி, ஒன்றை உள்ளேயும் ஒன்றை வெளியேயும் வைத்து, எரிந்த நீளத்தை ஒப்பிடலாம். காற்றுப் போக்கு எரியும் வேகத்தை மாற்றிவிடும் என்பதால் இது துணைச் சான்றே. கொசு கடிக்காது என்பது உறுதியான பலன்.

படி 5: பொய்ச் சான்றுகளைக் கழித்தல்

கிடைத்த வேறுபாட்டின் அளவே பெரும்பாலும் அதன் காரணத்தைச் சொல்லிவிடும். நாளுக்கு ஒரு நொடிக்கும் குறைவு என்றால் அது குவார்ட்ஸின் இயல்பு. சரியாக ஒரு மணி பின்தங்கினால், கைப்பேசி தாய்லாந்து அல்லது சுமத்ரா நேரத்துக்கு மாறியிருக்கிறது. இரண்டரை மணி பின்தங்கினால், இந்தியாவுக்குப் போய் வந்தவர் தம் கடிகாரத்தை இன்னும் திருப்பவில்லை. 1982-க்கு முன்பு இந்த வேறுபாடு சரியாக இரண்டு மணியாக இருந்தது என்பதை முதியவர்கள் நினைவுகூரக்கூடும். நொடிமுள் சில நொடிகளாகச் சேர்த்துத் தாவினால், அது பிளவன்று. மின்கலம் தீர்வதை அறிவிக்கப் பல கைக்கடிகாரங்கள் அப்படித் தாவும். ஒலிபெருக்கியின் காந்தத்துக்கு அருகில் வைத்த கடிகாரம் நின்று நின்று ஓடலாம். கோயில் திருவிழா நடக்கும் வாரத்தில் களத்துக்குப் போகாதிருப்பது இதனாலும் நல்லது.

இவை எல்லாம் கழிந்த பிறகும் முந்தல் எஞ்சினால், பிளவு முழுவதும் செலவாகி முடியும்போது அதன் மொத்தம் எங்கே போய் நிற்கிறது என்று பாருங்கள். 30 நிமிடத்தில் நின்றால் 1981-இன் பிளவு. 20-இல் நின்றால் 1933. 10-இல் நின்றால் 1941. நான்கு நிமிடம் 35 நொடியில் நிற்பதைத் தோட்டத்தில் எதிர்பார்க்க வேண்டாம். 1905-இல் ரப்பர்த் தோட்டங்களே அப்போதுதான் பெருகத் தொடங்கியிருந்தன. அதற்குக் கடிகாரத்தின் சொல்லுக்கு அதைவிட முன்பே கட்டுப்பட்ட இடம் வேண்டும். தாப்பா சாலையிலிருந்து தெலுக் ஆன்சனுக்கு (தெலுக் இந்தானின் பழைய பெயர்) 1893-இல் திறக்கப்பட்ட ரயில்பாதையின் பழைய நிலையப் பகுதிகள் தகுதியானவை. நான்கு மாற்றங்களையும் நின்று பார்த்தது சாய்ந்த கோபுரம் என்றாலும், அதன் கடிகாரம் எவரையும் வரிசையில் நிறுத்திப் பேர் கேட்கவில்லை என்பதால், அங்கே ஒன்றும் கிடைக்காது என்பதே என் கணிப்பு.

படி 6: கணக்கு வைத்தல்

பிளவு உறுதியானால், தோட்டத்தின் வருகைப் பதிவேடான செக்ரோல் போலவே ஒரு பேரேடு போடுங்கள்: தேதி, கட்ட எண், உள்ளே சென்றது எது, நுழைந்த நேரம், வெளிவந்த நேரம், செலவு, மீதி. அளப்பதற்காக மொத்தத்தில் ஐந்து நிமிடத்துக்கு மேல் எடுக்க வேண்டாம். மீதி இருபத்தைந்து நிமிடத்தை என்ன செய்வது என்பதில் கருத்து வேறுபாடு வரும். ஆய்வுக்கு என்பார் சிலர்; சுற்றுலாவுக்கு என்று கூட ஒருவர் வருவார். அந்தக் களத்தில் பேர் கொடுத்து இன்றும் உயிரோடு இருப்பவர்களைக் கேட்காமல் எவருக்கும் அதில் ஒரு நொடியும் தரலாகாது என்பது என் நிலைப்பாடு. எடுக்கப்பட்டது அவர்களுடைய தூக்கத்திலிருந்து. அவர்களில் யாராவது உள்ளே போய் உட்கார்ந்து ஒரு கோப்பை தே தாரிக் குடித்துவிட்டு வர விரும்பினால், நாற்காலியைக் கட்டத்தின் நடுவில் போட்டு, செலவை அவர்கள் பெயரிலேயே எழுதிக்கொள்ளுங்கள். அவர்கள் கைக்கடிகாரத்தைத் திருத்த வேண்டியதில்லை என்றும் சொல்லிவிடுங்கள்.

மீதி பூச்சியம் ஆனதும் தொடர்ந்து மூன்று இரவு கூடையை இறக்கிச் சரிபாருங்கள். மூன்றிலும் கடிகாரம் முந்தவில்லை என்றால், கயிற்றை அவிழ்த்து, கம்பைத் தோட்டத்திடம் ஒப்படைத்து, பேரேட்டின் ஒரு படியைப் பள்ளி நூலகத்தில் வைக்கலாம். சிங்கப்பூரும் அதே இரவில் அதே அரைமணியை இழந்ததால், அங்கே மணி அடித்து ஆள் சேர்த்த பழைய இடங்களில் இதே முறையைக் கையாளலாம். சபாவிலும் சரவாக்கிலும் தேட வேண்டாம். அந்த இரவில் அங்கே எதுவும் எடுக்கப்படவில்லை.